ஒன்றும் விடாமல்

மாப்பிள்ளைக்குக் காது கேட்காது என்பதைத் தரகர் முதல் பேச்சிலேயே சொல்லிவிட்டார். கடுகண்ணாவையில் ஸுமைராவின் வாப்பா வைத்திருந்த தேத்தண்ணிக் கடையின் பின்னறையில் நடந்த பேச்சு அது.

"கண்டி டவுன்ல, கொழும்பு வீதியில டெய்லர். நல்ல தொழில்காரன். சிகரெட்டுக் கூட இல்ல. காது மட்டுந்தான்" என்றார் தரகர்.

உம்மா சீலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். வாப்பா கூரையைப் பார்த்தார். திரைக்குப் பின்னால் நின்ற ஸுமைராதான், "வரட்டும். பாத்துட்டு முடிவச் செல்றேன்" என்று குரல் கொடுத்தாள். அவளுக்கு அப்போது இருபத்தேழு வயது. வந்த சம்பந்தங்கள் எல்லாம் ஏதோ ஒரு சாக்கில் திரும்பிப் போய்க்கொண்டிருந்த காலம்.

நளீர் தன் அக்கா அனீஸாவோடு வந்தார். முன்னறைக் கதிரையின் நுனியில் அமர்ந்திருந்தார். ஸுமைரா வந்து நின்றதும் அவர் கைகள் எழுந்தன. விரல்கள் மடங்கின, விரிந்தன, தோளைத் தொட்டன, யன்னல் பக்கம் போய்த் திரும்பின. புருவம் ஏறி இறங்கியது. கைகள் மடியில் வந்து அமர்ந்ததும் எல்லோரும் அனீஸாவைப் பார்த்தார்கள்.

"சம்மதமாம்" என்றாள் அனீஸா.

ஸுமைராவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அத்தனை நீளமாகச் சொன்னது அந்த ஒரு சொல் மட்டும்தானா? மிச்சம் எல்லாம் எங்கே போனது? அதைத் தெரிந்துகொள்வதற்காகவே கலியாணம் முடித்தேன் என்று இன்றைக்கும் யாராவது கேட்டால் அவள் சொல்வாள். கேட்பவர்கள் பகிடி என்று நினைப்பார்கள். பாதிக்கு மேல் உண்மை.

கலியாணத்துக்குப் பிறகு, கை கொஞ்சம் பழகியதும், அவள் கேட்ட முதல் பெரிய கேள்வியும் அதுதான். அன்றைக்கு என்ன சொன்னீர்கள்? நளீர் யோசித்துப் பார்த்துச் சொன்னார்: மழை வரப் போகிறது, குடை கொண்டு வரவில்லை. உன் சட்டையின் இடது கையைத் தைத்தவன் கோணலாகத் தைத்திருக்கிறான், அதனால்தான் நீ அதை இழுத்து இழுத்து விட்டுக்கொண்டிருந்தாய். அவிழ்த்துத் தந்தால் சரி செய்து தருவேன். பிறகு, உன்னைப் பிடித்திருக்கிறது.

"இத்தனையையும் விட்டுட்டாங்களே மதினி!" என்று வாய்விட்டுச் சொன்னாள் ஸுமைரா. அவள் வாயைப் பார்த்துக்கொண்டிருந்த நளீர் தோளைக் குலுக்கினார். அவருக்கு அது பழகிப் போயிருந்தது.

நளீரின் வீடு திகனவில். சிறு வயதில் அவரைத் தூரத்துச் செவிப்புலனற்றோர் பாடசாலை ஒன்றின் விடுதியில் சேர்த்திருந்தார்கள். அங்கே படிப்பெல்லாம் சிங்களத்தில். சைகை மொழியும் சிங்கள எழுத்தும் அவருக்கு நன்றாக வரும், தமிழ் எழுத்துத் தடுமாறும். ஸுமைராவுக்கோ நேர்மாறு. ஆகவே குசினிச் சாமான்களிலிருந்து தொடங்கினார்கள். உப்பு, தேங்காய், நெருப்பு, போதும், இன்னும். கோபத்துக்கான சைகையை அவள் மிகச் சீக்கிரம் கற்றுக்கொண்டாள். அவளுக்கு அவர் வைத்த பெயர், இரண்டு விரலால் சட்டைக் கையை மெல்ல இழுத்துவிடுவது.

முதல் பெருநாளுக்குக் கடுகண்ணாவைக்குப் போனார்கள். வட்டிலாப்பம் சாப்பிட்டு முடித்து எல்லோரும் முன்னறையில் கூடியிருந்தபோது, ஸுமைராவின் மாமா ஒருவர் ரயில் பாதையில் எருமை படுத்துக்கொண்ட கதையைத் தொடங்கினார். இறங்கி வந்த கார்ட், குடையோடு ஓடி வந்த ஸ்டேஷன் மாஸ்டர், எதற்கும் அசையாத எருமை. வீடே உருண்டு சிரித்தது. நளீர் ஒவ்வொரு முகமாகப் பார்த்துவிட்டு அவளைத் தொட்டார். என்ன?

கண்ணில் நீர் வரச் சிரித்துக்கொண்டிருந்த ஸுமைரா, "பிறகு" என்று கையைக் காட்டிவிட்டு மறுபடி மாமா பக்கம் திரும்பினாள்.

திரும்பும்போது பஸ்ஸில் பேராதனை தாண்டியும் அவர் யன்னலையே பார்த்துக்கொண்டு வந்தார். காது கேளாத மனிதர் முகத்தைத் திருப்பிக்கொண்டால் அது கதவைச் சாத்தியது மாதிரி. தட்டியும் பிரயோசனமில்லை. வீட்டுக்கு வந்து சப்பாத்தைக் கழற்றிய பிறகுதான் அவள் பக்கம் திரும்பினார்.

"உம்மா பிறகு என்பார். அக்கா ஒன்றுமில்லை என்பாள். சிறு வயதில் நான் காத்திருப்பேன். அந்தப் பிறகு ஒருநாளும் வரவில்லை" என்றன அவர் கைகள். "நீயும் அப்படி என்றால் எனக்குக் கோபமில்லை. உன்னிடம் கேட்பதை நிறுத்திவிடுவேன், அவ்வளவுதான்."

அந்தக் கடைசி வார்த்தை அவளைச் சுட்டது. சீலையைக்கூட மாற்றாமல் நடு அறையில் நின்று முழுக் கதையையும் சொன்னாள். சைகை போதாத இடத்தில் அவளே எருமையானாள், சீமெந்துத் தரையில் காலை மடித்துப் படுத்துக்கூடக் காட்டினாள். நளீர் சிரிக்கத் தொடங்கியபோது அடுத்த வீட்டிலிருந்து யாரோ எட்டிப் பார்த்தார்கள். அவர் அப்படிச் சத்தமாகச் சிரித்து அந்தத் தெரு கேட்டதில்லை.

பிறகு மகன் அமான் பிறந்தான். அவனுக்குக் காது கேட்டது. வாயில் சொல் வருவதற்கு முன் கையால் பால் கேட்டான். கண்டியில் காது கேளாதோர் சங்கமொன்று நடத்திய வகுப்புக்கு ஸுமைரா வாரக் கடைசிகளில் போனாள். தமிழ் விரலெழுத்தையும் அங்கேதான் படித்தாள். நளீருக்காகப் படித்தாளே தவிர, தொழிலாக வரும் என்று நினைத்துப் படிக்கவில்லை.

தொழில் தையல்கடை வாசலில் வந்து நின்றது. திகனவில் டைல்ஸ் கடை வைத்திருந்த ரஸீன், தைக்கக் கொடுத்த காற்சட்டையை வாங்க வந்தவர், கணவனும் மனைவியும் கையால் சண்டை போட்டுக்கொண்டிருந்ததைப் பார்த்து அப்படியே நின்றுவிட்டார். காற்சட்டையை மறந்து ஸுமைராவிடம் வந்தார்.

"தங்கச்சி, எங்கட மகள் ஷஹ்மாவுக்கும் காது கேக்காது. இவ்வளவு காலமும் ஹொஸ்டல்ல படிச்சா. இந்தத் தரம் போக மாட்டேன்னு அலுமாரிக் கால இறுக்கிப் புடிச்சுக்கிட்டா. இழுத்தா அலுமாரியும் சேந்து வருது. இங்க எங்கட ஸ்கூல்ல, தங்கச்சிமாரோட சேத்துப் படிப்பிக்கணும். அதிபர் செல்றார், வகுப்புல பக்கத்துல இருந்து சைகையில சொல்லிக் குடுக்க ஆள் வேணுமாம். நீங்க வருவீங்களா?"

ஸுமைரா மறுத்தாள். ஷஹ்மா படிக்க இருந்த எட்டாம் தரத்துக் கணக்கும் விஞ்ஞானமும் தனக்கே ஏறாத பாடங்கள் என்றாள். ரஸீன் தலைகுனிந்து போனதும் நளீர் கேட்டார்: என்ன சொன்னார்? அவள் சொன்னாள். ஒன்றும் விடாமல் சொன்னாள், தான் மறுத்ததையும் சேர்த்து. நளீர் ஊசியைப் பஞ்சுப் பொதியில் குத்திவிட்டு அவளைப் பார்த்தார்.

"எனக்கு அப்படி ஒருவர் கிடைத்திருந்தால், நான் தையல் வேலையையே தெரிவு செய்திருப்பேனா என்று தெரியாது. இதையே செய்திருப்பேன் போல. ஆனால் நானே தெரிவு செய்திருப்பேன்."

அடுத்த கிழமையே அவள் பாடசாலைக்குப் போனாள். அதிபர் கடிதம் எழுதி அனுமதி வாங்கியிருந்தார். கரும்பலகைக்குப் பக்கத்தில் அவளுக்கு ஒரு கதிரை. எதிரே முதல் வரிசையில் ஷஹ்மா. பதின்மூன்று வயது, கூர்மையான மோவாய், எதையும் லேசில் நம்பாத கண்கள்.

முதல் நாட்களில் முழு வகுப்பும் ஆசிரியரை விட்டுவிட்டு ஸுமைராவின் கையையே பார்த்தது. விஞ்ஞான டீச்சர் அதைப் பார்த்துச் சிரித்துவிட்டு, "மிஸ், நீங்களே பாடத்த நடத்துங்க" என்றார். கணக்குப் படிப்பித்த ஸைத் சேருக்கு அது சிரிப்பாக இல்லை. அவர் நல்ல ஆசிரியர் என்று ஊரே சொல்லும். ஆனால் கரும்பலகையைப் பார்த்துக்கொண்டே வேகமாகப் பேசுவார். வெண்கட்டியும் வாயும் சேர்ந்து ஓடும். ஸுமைராவின் கை மூச்சு வாங்கும்.

"அந்தப் புள்ளைக்கு விளங்கிச்சான்னு கேளுங்க" என்பார் அவளிடம்.

"சேர், அவகிட்டயே கேளுங்க. நான் கையில மாத்திச் செல்றேன்."

"ரெண்டும் ஒண்டுதானே."

ஒன்று இல்லை என்று அவளுக்குத் தெரியும். அதை எப்படி விளங்கப்படுத்துவது என்றுதான் தெரியவில்லை.

மாலையில் நளீர் வேலை முடிந்து வந்ததும் மேசையில் பாடப்புத்தகம் விரியும். பல சொற்களுக்குச் சைகை அவர்களுக்குத் தெரியாது. சங்கத்தில் கேட்பார்கள். அங்கேயும் இல்லையென்றால் ஸுமைராவும் நளீரும் ஒன்றைச் செய்துபார்ப்பார்கள். மறுநாள் ஷஹ்மா அதை ஏற்க வேண்டும், அவள்தான் நீதவான். ஒளித்தொகுப்புக்கு நளீர் விரித்த உள்ளங்கையை இலையாக்கி, மறு கையின் விரல்களை வெயிலாக அதில் இறக்கி, இலை மெல்ல வாயை மூடி மெல்லுவதுபோல் செய்தார். ஷஹ்மா அதைப் பார்த்து முதல் முறையாகப் பல் தெரியச் சிரித்தாள். இதைச் செய்தது யார் என்று கேட்டாள். என் புருஷன், டெய்லர் என்றாள் ஸுமைரா. டெய்லருக்கு இலையைப் பற்றி என்ன தெரியும் என்றாள் ஷஹ்மா. ஆனாலும் அதையே வைத்துக்கொண்டாள்.

ஸுமைராவுக்கும் ஷஹ்மாவுக்கும் இடையில் கோணல் வந்தது ஓர் இன்டர்வலில். பின் மேசையில் நாலைந்து பிள்ளைகள் குசுகுசுத்துச் சிரித்தார்கள். "ஊமைக்கும் ஒரு டீச்சர், நாங்க கேட்டா டியூஷனுக்குக்கூடக் காசில்ல எங்கிறாங்க" என்று ஒருத்தி சொன்னது ஸுமைராவின் காதில் விழுந்தது. ஷஹ்மா திரும்பிப் பார்த்துவிட்டு அவளிடம் கேட்டாள். என்ன சொல்கிறார்கள்?

"ஒன்றுமில்லை. பாடத்தைப் பற்றி."

ஷஹ்மா அவள் முகத்தைச் சற்று நேரம் பார்த்தாள். பிறகு புத்தகத்தைத் திறந்தாள். அன்று முழுவதும் பாடத்துக்கு வெளியே ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை.

வீட்டில் இதைச் சொன்னபோது நளீர் சாப்பிட்டுக்கொண்டிருந்தார். கையைக் கழுவிவிட்டு வந்தார், எச்சில் கையால் பேசக் கூடாது என்பது அவர் வழக்கம்.

"பாவம் என்று மறைத்தாயா?"

"பதின்மூன்று வயதுப் பிள்ளையிடம் அதை எப்படிச் சொல்வது?"

"மற்றப் பிள்ளைகளுக்கும் பதின்மூன்று வயதுதான். அவர்களுக்குக் கேட்கிறதே."

காலையில் மணியடிப்பதற்கு முன் ஸுமைரா ஷஹ்மாவை மாமரத்தடிக்கு அழைத்துப்போய் நேற்றுச் சொன்னது என்னவென்று சொன்னாள். ஷஹ்மாவுக்கு முகம் சிவந்தது, ஆனால் அழவில்லை. "டியூஷனைப் பற்றி அவள் சொன்னது சரி. அவளுடைய வாப்பாவுக்கு வேலையில்லை" என்றாள். பிறகு விரலை நீட்டி நிபந்தனை போட்டாள். "நல்லதையும் சொல்ல வேண்டும். கெட்டதையும் சொல்ல வேண்டும். எது எனக்கு வேண்டும், வேண்டாம் என்று நான் பார்த்துக்கொள்வேன்." ஸுமைரா சரி என்றாள். அந்த வாக்கு இவ்வளவு சீக்கிரம் தன்னைச் சோதிக்கும் என்று அவள் எதிர்பார்க்கவில்லை.

இரண்டாம் தவணைப் பரீட்சையில் ஷஹ்மா கணக்குக்கு நல்ல புள்ளி எடுத்திருந்தாள். அதற்கடுத்த கிழமை பாடசாலையைப் பார்வையிட ஓர் அதிகாரி வந்தார். கணக்குப் பாடம் நடந்துகொண்டிருந்தது. அவர் வாசலில் நின்று, கரும்பலகைப் பக்கத்தில் கையசைத்துக்கொண்டிருந்த பெண்ணைக் காட்டி யார் என்று கேட்டார். ஸைத் சேர் குரலைக் குறைக்கவில்லை.

"காது கேக்காத புள்ள ஒண்டு ஈக்கு, சேர். பாவம், சும்மா ஒக்கார வெச்சிருக்கோம். மார்க்ஸெல்லாம் இந்த மிஸ்ஸோட கையால வாறதுதான். அதுக்கு என்ன விளங்கப் போகுது?"

வகுப்பு அப்படியே அடங்கிப்போனது. ஷஹ்மா ஸுமைராவைப் பார்த்தாள். எல்லோரும் சேர்ந்து அமைதியாவது காது கேளாதவர்களுக்கு நன்றாகத் தெரியும், முகங்களில் தெரியும்.

ஸுமைராவின் கைகள் மடியில் கிடந்தன. தூக்கவே முடியாத கனம். பிறகு சொன்னாள். பாவம் என்றதையும், சும்மா என்றதையும், மிஸ்ஸின் கை என்றதையும், 'அது' என்றதையும்.

ஷஹ்மா ஸைத் சேரைப் பார்த்து எழுந்து நின்றாள். சட்டையை இழுத்துச் சரி செய்துகொண்டாள். அவள் கைகள் எழுந்ததும் ஸுமைராவும் எழுந்து நின்று வாயைத் திறந்தாள்.

"சேர், நான் ஷஹ்மா. நான் ஒங்ககிட்ட ஒண்டு செல்லணும்."

அதிகாரி ஸுமைராவைப் பார்த்துக் குழம்பினார். பின் வரிசையில் ஒரு பிள்ளை, "அவதான் பேசுறா சேர், மிஸ் இல்ல" என்றது.

"மிஸ் எனக்குக் கணக்குச் செய்யல்ல. அவங்களுக்குக் கணக்குத் தெரியாது" என்றாள் ஸுமைரா, ஷஹ்மாவின் குரலாக. வகுப்பில் களுக்கென்று ஒரு சிரிப்பு. ஸுமைராவின் காது சூடாகியது, ஆனால் நிறுத்தவில்லை. "நீங்க போர்ட்டப் பாத்துப் பேசுறீங்க. அவங்க அதக் கையில மாத்திச் செல்றாங்க. அவ்வளவுதான். நம்பிக்கையில்லாட்டி அவங்கள வெளியே போகச் செல்லுங்க. போர்ட்ல ஒரு கணக்கு எழுதுங்க. நான் செய்றேன்."

யாரும் போகச் சொல்லும் வரை ஸுமைரா காத்திருக்கவில்லை. அவளே விறாந்தைக்குப் போய்ச் சுவரோடு ஒட்டி நின்றாள். உள்ளே நடப்பது தெரியவில்லை. கேட்க மட்டும்தான் முடிந்தது. வெண்கட்டி கிறீச்சிட்டது, அது சேர். சற்று இடைவெளி. மறுபடி வெண்கட்டி, மெதுவாக, விட்டு விட்டு. அது ஷஹ்மா. பிறகு சேரின் குரல்: "இல்ல, இங்க பாரு, இந்த அடைப்புக்கு முன்னால..." என்று ஆரம்பித்துப் பாதியில் நின்றது. யாரிடம் பேசுகிறோம் என்று நினைவு வந்திருக்க வேண்டும். நீண்ட நேரம் ஒரு குரலும் இல்லை. ஸுமைரா முக்காட்டை இழுத்துவிட்டு ஸலவாத் ஓதிக்கொண்டாள். உள்ளே இரண்டு வெண்கட்டிகள் மாறி மாறித் தட்டின. டஸ்டரால் அழிக்கும் சத்தம். யாரோ "ஆ!" என்றார்கள். பிறகு வகுப்பே மேசையைத் தட்டியது.

"மிஸ், உள்ள வாங்க" என்று ஸைத் சேர் கூப்பிட்டார்.

கரும்பலகை நிறைய எழுத்து, நடுவே அம்புக்குறிகள், வட்டங்கள். சேரின் கையிலும் ஷஹ்மாவின் மூக்கிலும் வெண்கட்டித் தூள்.

"அடைப்புக்கு முன்னால இருந்த மைனஸ உள்ளுக்குக் கொண்டுபோகல்ல" என்றார் சேர். "நான் காட்டினன், தலைய ஆட்டுறா. திருப்பி வேற மாதிரிக் காட்டினன். அப்பதான் புடிச்சா. புடிச்சதும் மிச்சத்த மளமளன்னு செஞ்சிட்டா." கையைத் தட்டிக்கொண்டார். அதிகாரி எப்போதோ அடுத்த வகுப்புக்குப் போயிருந்தார், அதை ஸைத் சேர் கவனித்ததாகத் தெரியவில்லை. ஷஹ்மாவை நேராகப் பார்த்தார், அவளிடமே பேசினார். "நான் செல்லியிருக்கக் கூடாது மகள். தெரியாமச் செல்லிட்டன்."

ஸுமைரா அதையும் ஒன்றும் விடாமல் சொன்னாள். ஷஹ்மா தலையசைத்தாள். சேர் ஸுமைராவின் பக்கம் திரும்பினார்.

"மிஸ், 'பிழை' எண்டு செல்றதுக்குக் கை எப்படி?"

கணக்கு வாத்தியார் முதலில் கற்றுக்கொள்ள விரும்பிய சொல் அது. முழு வகுப்பும் கற்றுக்கொண்டது. அதற்குப் பிறகு ஒரு கிழமைக்கு அந்த வகுப்பில் எல்லாமே பிழையாக இருந்தது. சோறு பிழை, மணி பிழை, கிளாஸ் மொனிட்டர் பிழை. ஒரு சொல்லை வைத்துக்கொண்டு எவ்வளவு நாள் ஓட்டுவது? அவர்கள் ஷஹ்மாவிடம் அடுத்த சொல்லைக் கேட்டார்கள். டியூஷன் என்று முணுமுணுத்த பிள்ளைதான் எல்லோரையும்விடச் சீக்கிரம் பிடித்துக்கொண்டாள். அவள் பெயர் இல்மா.

இதில் ஸுமைரா நினைத்துப் பார்க்காத ஒன்றும் நடந்தது. இன்டர்வலில் ஷஹ்மாவுக்கு அவள் தேவைப்படாமல் போனாள். பிள்ளைகள் மாமரத்தடியில் வட்டமாக உட்கார்ந்து அரைகுறைக் கையால் பேசிக்கொண்டார்கள். ஸுமைரா ஆசிரியர் அறைப் படியில் தனியே தேத்தண்ணி குடித்தாள். ஒருநாள் தலையை நிமிர்த்தியபோது ஷஹ்மா இல்மாவிடம் ஏதோ ரகசியம் சொல்லிக்கொண்டிருந்தாள். அத்தனை தூரத்திலிருந்தும் ஸுமைராவால் ஒவ்வொரு சொல்லையும் வாசிக்க முடிந்தது. இரண்டு சொல் பார்த்துவிட்டாள். பிறகு படியிலேயே திரும்பி, சுவரைப் பார்த்து உட்கார்ந்து மிச்சத் தேத்தண்ணியைக் குடித்தாள். நெஞ்சில் மெல்ல ஒரு வலி. அதோடு சேர்ந்து ஒரு நிறைவு. இரண்டையும் நளீரிடம் சொன்னபோது, அமானைப் பள்ளிக்கு முதல் நாள் விட்டுவிட்டு வந்த அன்றும் நீ இதே முகத்தோடுதான் இருந்தாய் என்றார்.

மூன்று வருடம் கழித்து வந்த ஓஎல் அரசாங்கப் பரீட்சையின் மண்டபத்துக்குள் ஸுமைராவை விடவில்லை, தேவையும் இருக்கவில்லை. பெறுபேறு வந்த அன்று ரஸீன் தொதல் இனிப்புப் பெட்டியோடு தையல்கடைக்கு வந்து, ஸுமைராவுக்கு முன் நளீரைக் கட்டிப்பிடித்தார். ஷஹ்மாவுக்கு விஞ்ஞானத்துக்கு ஏ, கணக்குக்கு பி. பியைப் பார்த்து அவள் ஒரு நாள் முழுக்கச் சாப்பிடாமல் இருந்தாளாம். இப்போது கண்டியில் படம் வரையும் கம்பியூட்டர் கோர்ஸ் ஒன்று படிக்கிறாள். தனியாகவே பஸ்ஸில் போய் வருகிறாள். ஸுமைரா அதே பாடசாலையில்தான். ஆறாம் தரத்தில் ஹேவாஹெட்ட தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்து சித்தி வீட்டில் தங்கிப் படிக்கும் நிரஞ்சனி என்ற பிள்ளைக்குச் சொல்லிக்கொடுக்கிறாள். அந்தப் பிள்ளைக்குச் சைகையும் தெரியாது, எழுத்தும் தெரியாது. எல்லாவற்றையும் உப்பிலிருந்து தொடங்க வேண்டியிருக்கிறது.

போன மாதம் கண்டி மணிக்கூட்டுக் கோபுரத்தடியில், பஸ்கள் ஒன்றோடொன்று ஹோர்ன் அடித்துக்கொண்டு நின்ற நேரம். ஸுமைரா கடுகண்ணாவைக்குப் போகிற பஸ்ஸில் யன்னலோரம் இருந்தாள். எதிரே திகன பஸ் வந்து நின்றது. அதன் யன்னலில் ஷஹ்மா. இருவரும் ஒரே நேரத்தில் கண்டுகொண்டார்கள். இரண்டு கண்ணாடிகளுக்கு நடுவே, அத்தனை இரைச்சலுக்கும் நடுவே, குரல் உயர்த்தாமல் பேசத் தொடங்கினார்கள். கோர்ஸ் எப்படி? கஷ்டம். மாஸ்டர் போர்ட்டைப் பார்த்தே பேசுகிறார். அவருக்கும் கொஞ்சம் கற்றுக்கொடுத்துவிட்டேன். உங்கள் வாப்பாவுக்குச் சுகமா? கால் வலி. நளீர் மாமாவிடம் சொல்லுங்கள், பெருநாள் சட்டைக்குத் துணி எடுத்துவிட்டேன், இந்த முறை கையை நீளமாக வைக்கச் சொல்லுங்கள். சொல்கிறேன். இன்னொரு விஷயமும் இருக்கிறது என்றாள் ஷஹ்மா, அதை இங்கே சொல்ல முடியாது, பக்கத்தில் ஒருவர் பார்த்துக்கொண்டிருக்கிறார், அவருக்குச் சைகை தெரியுமோ என்னவோ.

ஸுமைரா சத்தமாகச் சிரித்துவிட்டாள். திகன பஸ் நகர்ந்தது. ஷஹ்மா கழுத்தைத் திருப்பி, வீடியோ கோல் எடுப்பதாகக் காட்டினாள்.

பக்கத்து இருக்கையில் பையை மடியில் வைத்திருந்த பெண் இவ்வளவையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"ஒங்கட மகளா?" என்று கேட்டாள்.

"இல்ல" என்றாள் ஸுமைரா. என்ன சொல்வது என்று ஒரு கணம் யோசித்தாள். "கூட்டாளி."